குண்டோதரன் வயிற்றில் என்ன வாயு?

ஆகஸ்ட் 4, திங்கள்

இன்று ஒருவரி என்னைக் கூப்பிட்டுப் படம் காட்டினார். எங்கள் அறிவியல் காட்சியகத்தின் இயக்குநருக்கு நான் வைத்திருக்கும் பெயர் அது. எதைச் சொன்னாலும், "ஒரே வரியில சொல்லுங்க மேடம்" என்பார். காட்சிப் பொருட்களுக்குப் பக்கத்தில் இருக்கும் விளக்கப் பலகைகளை எழுதுவது என் வேலை. எழுதியதை வெட்டுவது அவர் வேலை. அதற்குத்தான் அவருக்குக் கூடுதல் சம்பளம்.

படத்தில் பூமி உருண்டை. அதன்மேல் நீலமாக ஒரு குடை, குடையில் ஓர் ஓட்டை, ஓட்டை வழியாகச் சூரியன் நெருப்பைக் கொட்டுகிறது. கீழே ஒரு பென்குயின் கைக்குட்டையால் நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொள்கிறது. மேலே கொட்டை எழுத்தில்: "ஓசோனில் ஓட்டை! உள்ளே வெயில்! உலகம் சூடு!"

"எப்படி மேடம்?"

"பென்குயின் நல்லா இருக்கு சார்."

"மத்தது?"

"மத்தது எல்லாமே தப்பு சார்."

முகம் சுண்டிப்போய்விட்டது, பாவம். ஓசோன் மெலிந்தால் உள்ளே கூடுதலாக வருவது தோலையும் கண்ணையும் கெடுக்கும் புற ஊதாக் கதிர். உலகம் சூடாவது அதனால் இல்லை. நாம் விடுகிற வாயுக்கள் போர்வை மாதிரி வெப்பத்தை வெளியே விடாமல் பிடித்துவைத்துக்கொள்வதால். ஓட்டை வேறு, போர்வை வேறு. இதையெல்லாம் சொன்னேன்.

"அப்ப ரெண்டுக்கும் சம்பந்தமே இல்லையா?"

"நிறைய இருக்கு சார். ஆனா இந்தப் படத்துல இருக்கிற மாதிரி இல்ல."

"அப்ப எந்த மாதிரி? ஒரே வரியில சொல்லுங்க."

மூன்று வரியில் ஆரம்பித்தேன், கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

செப்டம்பர் 16 ஓசோன் தினம். அன்று கூடம் திறக்க வேண்டும். "அதுக்குள்ள கூட்டம் நின்னு பார்க்கிற மாதிரி ஒரு பொருள், படிச்சதும் புரியிற மாதிரி ஒரு வரி. கொண்டு வந்தீங்கன்னா சரி. இல்லேன்னா இந்தப் படம்தான். எழுத்துன்னு கீழ உங்க பேரைத்தான் போடணும்."

என் பேர்! வியர்த்துக் கொட்டும் பென்குயின் காலடியில்!

ஆகஸ்ட் 5, செவ்வாய்

என்ன பொருள் என்று கண்டுபிடித்துவிட்டேன். பழைய ஃப்ரிட்ஜ்.

அந்தக் காலத்து ஃப்ரிட்ஜ்களைக் குளிரவைத்த கேஸ் இருக்கிறதே, குளோரோபுளோரோகார்பன், அது கசிந்து மேலே போனால் அதிலிருக்கும் குளோரின் ஓசோனைத் தின்னும். அது மட்டுமா, போர்வை வேலையும் பார்க்கும். எடைக்கு எடை பார்த்தால் கரியமில வாயுவைவிடப் பல ஆயிரம் மடங்கு வெப்பத்தைப் பிடித்துவைக்கும். கூரையிலும் கை வைப்பது, வீட்டையும் வேகவைப்பது, இரண்டும் ஒரே ஆள். ஒருவரி கேட்ட சம்பந்தம் இங்கேதான் இருக்கிறது.

அப்படி ஒரு ஃப்ரிட்ஜ், அந்தக் கேஸோடு, இன்னும் ஓடுகிற நிலையில், எங்கே கிடைக்கும்?

எங்கே என்று எனக்குத் தெரியும். எழுத மாட்டேன்.

ஆகஸ்ட் 6, புதன்

பழைய சாமான் கடை ஒன்று விடாமல் ஏறி இறங்கினேன். "அதெல்லாம் எப்பவோ உடைச்சு உருக்கியாச்சும்மா" என்கிறார்கள். கேஸை என்ன செய்தீர்கள் என்று கேட்டால் மேலே கையைக் காட்டுகிறார்கள். சாமி கொண்டுபோய்விட்ட மாதிரி.

ஆகஸ்ட் 7, வியாழன்

சரி, எழுதித் தொலைக்கிறேன். கீழ் வீட்டில் இருக்கிறது.

கீழ் வீட்டில் இருப்பவர் என் ஓரகத்தி. என் வீட்டுக்காரருடைய அண்ணன் மனைவி. நாங்கள் மாடியில், அவர்கள் கீழே, நடுவில் ஒரு மாடிப்படி. நானும் அக்காவும் பேசி நாலு வருடம் ஆகிறது.

ஃப்ரிட்ஜ் அக்காவுடையது. தொலைபேசி நிலையத்தில் வேலைக்குச் சேர்ந்த புதிதில், கல்யாணத்துக்கு முன்னால், சொந்தச் சம்பளத்தில் வாங்கியது. வெளிர்பச்சை நிறம், பீரோ கனம், கதவில் பூட்டும் சாவியும். எவ்வளவு அடைத்தாலும் வாங்கிக்கொள்வதால் குண்டோதரன் என்று பெயர் வைத்ததே நான்தான். அந்தப் பெயரைக் கேட்டு அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அப்போதெல்லாம் சாயங்காலம் மாடிப்படியில் உட்கார்ந்து இரண்டு பேரும் டீ குடிப்போம். அக்கா மேல்படி, நான் கீழ்ப்படி. தெருவில் போகிற ஒருவரையும் விடமாட்டோம்.

பிறகு எனக்குப் பதவி உயர்வு வந்தது. அலுவலகத்துக்கே விருந்து. நானே கையால் ஐஸ்கிரீம் செய்து, டப்பா டப்பாவாகக் குண்டோதரனுக்குள் வைத்தேன். விருந்தாளிகள் எல்லாரும் கிண்ணத்தோடு காத்திருக்கிறார்கள். டப்பாவைத் திறந்தால் வெதுவெதுப்பாகப் பால். எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது. "யாரோ வேணும்னே ப்ளக்கைப் பிடுங்கியிருக்காங்க"ன்னு எல்லார் முன்னாலயும் கத்திட்டேன். அக்கா, "கதவை ஒழுங்கா சாத்தத் தெரியாதவங்க எல்லாம் என்னைப் பேச வந்துட்டாங்க" என்றார். அடுத்த நாள் குண்டோதரன் ஒன்றுமே நடக்காத மாதிரி ஜம்மென்று குளிர்ந்துகொண்டிருந்தான். அப்படியென்றால் தப்பு ஃப்ரிட்ஜ்மேல் இல்லை, ஆள்மேல்தான். அவர் என்னைச் சந்தேகப்பட்டார், நான் அவரைச் சந்தேகப்பட்டேன். அந்த மாதமே மாடிக்குத் தனி ஃப்ரிட்ஜ் வாங்கிவிட்டேன்.

இப்போது அவரிடம் போய் ஃப்ரிட்ஜைக் கேட்க வேண்டும். என் மானம் ரோஷம் எல்லாம் எங்கே போவது?

ஆகஸ்ட் 10, ஞாயிறு

இவரைத் தூது அனுப்பலாம் என்று பார்த்தேன். நாலு வருடமாக "மோட்டார் போடலாமா", "துணியை எடுக்கச் சொல்லு" என்று மாடிக்கும் கீழுக்கும் நடந்து கால் தேய்ந்தவர். இதையும் சொல்வார் என்று நினைத்தேன்.

காபி புரையேறிவிட்டது.

"குண்டோதரனையா? வேணாம்மா. அது அண்ணியோட உயிர். அதை யாரும் தொடக்கூடாது."

"தொடப் போறது நான் இல்லீங்க, மெக்கானிக். கேஸைப் பத்திரமா சிலிண்டர்ல எடுத்துட்டுத்தான் கூடத்துல வைப்போம்."

"மெக்கானிக்கா? எந்த மெக்கானிக்?"

"ஏன் இப்படி வேர்க்குது உங்களுக்கு?"

"வெயில்."

வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

தூதுவர் கைவிட்டதால் சாடையில் இறங்கினேன்.

எங்கள் வீட்டில் இதற்கு ஒரு முறை இருக்கிறது. அக்காவுக்கு என்னிடம் ஏதாவது சொல்ல வேண்டுமென்றால் குண்டோதரனைப் பார்த்துச் சத்தமாகச் சொல்வார். "டேய் குண்டோதரா, சில பேர் வீட்டுல தண்ணி சிந்துது, நம்ம வீட்டுச் சுவர் ஊறுது, நமக்கு எதுக்கு வம்பு." எனக்கு மேலே கேட்டுவிடும். நான் பதிலை வாஷிங் மெஷினிடம் சொல்வேன். ஒருவரோடொருவர் பேசவில்லை என்ற கௌரவமும் போகாது, ஒரு விஷயமும் பாக்கியிருக்காது.

இன்று வாஷிங் மெஷினிடம் சொன்னேன்: "பழைய ஃப்ரிட்ஜுக்குக் காட்சியகத்துல எவ்வளவு மதிப்புத் தெரியுமா?"

கீழிருந்து பதில்: "குண்டோதரா, உன்னைத் தூக்கிட்டுப் போகப் பார்க்கிறாங்கடா. காலை நல்லா ஊனி நில்லு."

ஆகஸ்ட் 14, வியாழன்

மதியம் சாப்பாட்டு அறையில் ஒன்று தோன்றியது. ஓசோனும் பருவநிலையும் ஓரகத்திகள்.

நிஜமாகத்தான். ஒருத்தி விவகாரம் வேறு, இன்னொருத்தி விவகாரம் வேறு. ஆனால் ஒரே கட்டடம். போர்வை கனமாக ஆக, கீழே நம் பக்கம் சூடேறுகிறது. மேலே ஓசோன் இருக்கும் மாடியில் உல்டா, அங்கே குளிர்ந்துபோகிறது. துருவத்துக்கு மேலே அந்தக் குளிர் ஏறினால் பனிமேகம் கட்டி, குளோரினுக்குக் கொண்டாட்டம், ஓசோன் இன்னும் தேயும். வேறு இடங்களில் அதே குளிர் ஓசோன் தேய்வதை மெதுவாக்கி உதவியும் செய்கிறது. பதிலுக்கு மாடிக்காரி சும்மா இருக்கிறாளா? தெற்குத் துருவத்தின் மேல் விழுந்த ஓட்டை அந்தப் பக்கத்துக் காற்றோட்டத்தையே இடம் மாற்றிவிட்டது. இவள் கதவை அறைந்தால் அவள் வீட்டுப் பாத்திரம் விழுகிறது.

ஒருவரியிடம் சொன்னேன். ஆர்வமாகக் கேட்டுவிட்டு, "ரொம்ப நல்லா இருக்கு. ஒரே வரியில?" என்றார். சாப்பாட்டு டப்பாவை மூடிவிட்டு வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

கடைசி அஸ்திரம். மாடிப்படியின் நடுவில் நின்று, யாரும் இல்லாத போனில் பேசினேன்.

"ஆமா சார், அடுத்த தெருப் பல் டாக்டர் வீட்டுல ஒன்னு இருக்காம். பளபளன்னு இருக்காம். அதையே நடு மண்டபத்துல வச்சு, 'ஊரிலேயே மூத்த ஃப்ரிட்ஜ்'னு பலகை போட்டுடலாம் சார்."

பல் டாக்டர் வீட்டில் என்ன ஃப்ரிட்ஜ் இருக்கிறது என்று எனக்குச் சத்தியமாகத் தெரியாது.

கீழே பாத்திரம் தேய்க்கும் சத்தம் நின்றுவிட்டது. நான் பூனை மாதிரி மேலே வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 18, திங்கள்

காலையில் கீழிருந்து: "நேத்து முளைச்சதெல்லாம் மூத்ததாம்டா குண்டோதரா! பல்லு புடுங்குறவன் வீட்டு ஃப்ரிட்ஜுக்கு மரியாதையாம்!"

மாட்டிக்கொண்டார்!

ஆகஸ்ட் 20, புதன்

இவருடைய அண்ணன் நிபந்தனைகளோடு மேலே வந்தார். பலகையில் அக்கா பெயர் இருக்க வேண்டும். சாவி அக்காவிடமே இருக்கும். எப்போது வேண்டுமானாலும் வந்து பார்ப்பார், நுழைவுச்சீட்டு வாங்க மாட்டார்.

எல்லாவற்றுக்கும் சரி என்றேன். அண்ணன்காரர் போகாமல் நின்றார். தொண்டையைச் செருமினார்.

"எதுக்கும்மா இந்த ஓட்டை ஃப்ரிட்ஜ்? பல் டாக்டர் வீட்டுது நல்லா இருக்குன்னு சொன்னாங்களே."

பக்கத்தில் இவர், "அதானே" என்றார்.

இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். சொத்துப் பிரிக்கும்போதுகூட இப்படி ஒற்றுமையாக இருந்ததில்லை.

ஆகஸ்ட் 23, சனி

இவரும் அண்ணனும் தெருமுனை டீக்கடையில் தலையோடு தலை முட்டிப் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் போனதும் கிரிக்கெட் பற்றிப் பேசினார்கள். இரண்டு பேருக்கும் கிரிக்கெட் பிடிக்காது.

ஆகஸ்ட் 26, செவ்வாய்

மெக்கானிக் ஞாயிற்றுக்கிழமை வருகிறார். கேஸை வீணாக்காமல் உறிஞ்சி எடுக்கும் கருவி வைத்திருப்பவர் இந்தப் பக்கத்தில் அவர் ஒருவர்தானாம். இதைச் சொன்னதும் இவர் ஞாயிற்றுக்கிழமை நண்பன் வீட்டுக்குப் போக வேண்டும் என்கிறார். எந்த நண்பன் என்றால் யோசிக்கிறார்.

எனக்கென்னவோ சரியாகப் படவில்லை.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

ஒழுங்காக எழுத வருகிறதா பார்க்கிறேன்.

மெக்கானிக் பத்து மணிக்கு வந்தார். நாலு வருடத்துக்குப் பிறகு கீழ் வீட்டுச் சமையலறைக்குள் நான் காலை வைத்தேன். அக்கா ஜன்னலைப் பார்த்து நின்றார், நான் சுவரைப் பார்த்து நின்றேன். நடுவில் குண்டோதரன். இவரை நான் விடவில்லை, சட்டைக் கையைப் பிடித்து இழுத்து வந்திருந்தேன். அண்ணன்காரர் மெக்கானிக்கின் குரல் கேட்டதும் குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டார்.

ஃப்ரிட்ஜைப் பார்த்ததும் மெக்கானிக்கின் முகம் மலர்ந்துவிட்டது.

"அட, இவனா! இன்னும் ஓடுறானா?" அக்கா சாவி போட்டுத் திறந்ததும் ஐஸ் அறைக்குள் கையை விட்டுத் தடவினார். "நான் அடைச்ச இடம் கல்லு மாதிரி நிக்குது பாருங்க." பிறகு இவர் பக்கம் திரும்பி, "என்ன சார், இப்பவும் கத்தியாலதான் ஐஸ் உடைக்கிறீங்களா?" என்று சிரித்தார்.

இவர் வாசல் பக்கம் ஓர் அடி நகர்ந்தார்.

"எந்தக் கத்தி?" என்றார் அக்கா.

மெக்கானிக் நல்ல மனுஷன். சூது வாது தெரியவில்லை. "நாலு வருஷம் இருக்கும்மா. சார் ஐஸைக் கத்தியால குத்தி எடுத்திருக்காரு, குழாயில பட்டு ஓட்டை விழுந்துடுச்சு. கேஸ் பூரா உஸ்ஸுன்னு போயிடுச்சு. மறுநாள் நீங்க ரெண்டு பேரும் வேலைக்குப் போன பிறகு என்னைக் கூப்பிட்டாங்க. ஓட்டையை அடைச்சு, எண்ணெயை மாத்தி, புது கேஸ் ஏத்திக் கொடுத்தேன். அம்மாமாருக்குத் தெரிய வேணாம்னு சாருங்க ரெண்டு பேரும் கையெடுத்துக் கும்பிட்டாங்களே..."

அப்புறம்தான் எங்கள் முகங்களைப் பார்த்தார். கருவிப் பெட்டிக்குள் எதையோ தேட ஆரம்பித்துவிட்டார்.

அக்கா மெதுவாகத் திரும்பினார். குண்டோதரனைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

"கேட்டியா?"

"கேட்டேன் அக்கா."

அவ்வளவுதான். பிறகு இரண்டு பேரும் சேர்ந்து இவர் பக்கம் திரும்பினோம். இவர் சுவரோடு ஒட்டிக்கொண்டார்.

"உன் டப்பாவுக்கெல்லாம் இடம் பண்ணலாம்னுதான்மா... ஐஸ் கட்டிக் கிடந்துச்சு... லேசாத்தான் குத்தினேன்..."

"லேசா!" என்றார் அக்கா.

"அன்னைக்கு ராத்திரியே சொல்லியிருக்கலாமே!" என்றேன்.

"சொல்லலாம்னுதான் வந்தேன். நீங்க ரெண்டு பேரும் போட்ட சண்டையைப் பார்த்து நாக்கு உள்ள போயிடுச்சு. அப்புறம் ஒவ்வொரு நாளா தள்ளிப்போச்சு."

அக்கா குளியலறைக் கதவைத் தட்டினார். "போதும், வெளியில வாங்க. குளிச்சது போதும்."

"இன்னும் சோப்பு போடல," என்று உள்ளிருந்து குரல்.

செப்டம்பர் 1, திங்கள்

நாலு வருஷம்! நாலு வருஷம் இந்த மனுஷன் என் எதிரிலேயே உட்கார்ந்து சாப்பிட்டிருக்காரு. அக்கா இப்படி, அக்கா அப்படின்னு நான் பொரிஞ்சு தள்ளும்போதெல்லாம் 'உம்' கொட்டியிருக்காரு. அக்காவுக்கு முட்டி ஆபரேஷன் ஆச்சே, நான் ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும் போய், உள்ள போகாம திரும்பி வந்தேனே. அப்பவாவது வாயைத் திறந்தா என்ன? ஒரு வார்த்தை! எதுக்கு இப்படி?

அழுதேன். பிறகு மாடிப்படிக்குப் போனேன். அக்கா ஏற்கெனவே அங்கே உட்கார்ந்திருந்தார், கையில் இரண்டு டம்ளர். முட்டி வலி, மேல்படி ஏற முடியவில்லையாம். அதனால் கீழ்ப்படியில் அவர், மேல்படியில் நான்.

"எல்லார் முன்னாலயும் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது அக்கா."

"கூடாதுதான்," என்றார். "டீ ஆறுது, குடி."

செப்டம்பர் 3, புதன்

மண்டையில் இப்போதுதான் உறைக்கிறது. குண்டோதரன் வயிற்றில் பழைய கேஸே இல்லை! எந்தக் கேஸைக் காட்டுவதற்காக இவ்வளவு நாடகம் ஆடினேனோ அது நாலு வருடத்துக்கு முன்பே ஜன்னல் வழியாகப் போய்விட்டது. மெக்கானிக் சிலிண்டரில் எடுத்துக்கொண்டு போனது அடுத்து வந்த கேஸ். அதில் குளோரின் கிடையாது, ஓசோனைத் தொடாது. ஒருவரியிடம் என்ன சொல்வது? பென்குயின் என்னைப் பார்த்துச் சிரிக்கிற மாதிரி இருக்கிறது.

படியில் அக்காவிடம் புலம்பினேன். அவர் கேட்டது வேறு.

"அப்ப என் சம்பளத்துல வாங்கினேனே, அந்த முதல் கேஸ், அது இப்ப எங்க இருக்கு?"

"மேல அக்கா. மெதுவா ஏறிட்டு இருக்கும்."

"எவ்வளவு நாளைக்கு?"

"நூறு வருஷம் போல."

அக்கா வானத்தை அண்ணாந்து பார்த்தார். "அடப்பாவி. நம்ம எல்லாரும் போன பிறகும் இவன் குத்தினது மட்டும் ஊர் சுத்திக்கிட்டு இருக்குமா?"

"இருக்கும்."

"சரி, ரெண்டாவது கேஸ் நல்லவனா?"

"ஓசோனுக்கு நல்லவன். சூட்டு விஷயத்துல அவனும் கேடிதான். கரியமில வாயுவைவிட ஆயிரம் மடங்குக்கு மேல."

"ஆகமொத்தம் ஒரே வயித்துக்குள்ள ரெண்டு திருடனையும் வச்சிருந்திருக்கான் என் குண்டோதரன்!"

நான் டீயைக் கொட்டிக்கொண்டேன். இதைவிட என்ன வேண்டும் எனக்கு? முதல் ஆள் ஓசோனைத் தின்றான், சூட்டையும் ஏற்றினான். நாடுகள் எல்லாம் கூடி அவனை நிறுத்தின. ஓசோன் மெல்ல மெல்லத் தேறுகிறது, எவ்வளவோ சூடும் மிச்சமாயிற்று. அவன் இடத்துக்கு வந்தவன் ஓசோனை விட்டுவிட்டான், சூட்டைத் தொடர்ந்தான். இப்போது அவனையும் குறைக்கச் சொல்லி ஒப்பந்தம் போட்டிருக்கிறார்கள். முழுக் கதையும் ஒரே ஃப்ரிட்ஜில் நடந்திருக்கிறது, சாட்சிக்குக் கத்தி பட்ட இடமும் இருக்கிறது!

இவர் குத்தியது நல்லதுக்குத்தான் என்று சொல்லிவிடாதே, மனமே. இன்னும் ஒரு மாதத்துக்குப் பாத்திரம் அவர்தான் தேய்க்கிறார். கீழே அண்ணன்காரரும்.

செப்டம்பர் 9, செவ்வாய்

ஒருவரியின் மேசையில் ஒரு வரியை வைத்தேன்.

"ஓட்டை வேறு, போர்வை வேறு, முதல் திருடன் இரண்டிலும் கை வைத்தான், அடுத்து வந்தவன் ஒன்றை விட்டான், ஒன்றை விடவில்லை."

விரலை விட்டு எண்ணினார். "கொஞ்சம் நீளம்."

"ஒரே வரிதான் சார். வேணும்னா பலகையை அகலமாப் பண்ணுங்க."

சிரித்துவிட்டார்! சரி என்றார். ஆனால் பென்குயினை விட அவருக்கு மனம் வரவில்லை. கடைசியில் அதை மட்டும் படத்திலிருந்து வெட்டி எடுத்து, நெற்றி வியர்வைத் துளிகளைச் சாயம் பூசி அழித்தோம். கைக்குட்டை மிஞ்சிவிட்டது. யாரையோ வழியனுப்ப வந்த மாதிரி நிற்கிறது.

செப்டம்பர் 16, செவ்வாய்

திறப்பு. பள்ளிப் பிள்ளைகள் பேருந்து பேருந்தாக வந்து இறங்கினார்கள். பலகை அகலமாக, என் பெயரோடு. அதற்குமேல் அக்காவின் பெயர், என் பெயரைவிடப் பெரிய எழுத்தில். அளந்து பார்த்துவிட்டுத்தான் அக்கா உள்ளேயே வந்தார்.

முதலில் ஒருவரும் நிற்கவில்லை. பழைய ஃப்ரிட்ஜ்தானே என்று பிள்ளைகள் தாண்டிப் போனார்கள். ஒருவரி என்னைப் பார்த்தார். தேவைப்பட்டால் மாட்ட அவர் வாசலில் சுருட்டி வைத்திருந்த பழைய படத்தைப் பார்த்தேன். நெருப்பு கொட்டும் சூரியனின் ஓரம் வெளியே தெரிந்தது.

அக்காவால் பொறுக்க முடியவில்லை. இடுப்பில் கையை வைத்து, அவருக்குப் பழக்கமான முறையில் ஆரம்பித்துவிட்டார்.

"டேய் குண்டோதரா! நேரா நில்லுடா! உன் வயித்துல முதல்ல ஒருத்தனை வச்சிருந்தியே, அவன் என்ன பண்ணான்? மேல போய்க் கூரையைத் தின்னான். கீழ கம்பளியும் போத்திவிட்டான். உலகமே கூடி அவனை விரட்டுச்சு. சரின்னு ரெண்டாவது ஒருத்தனை உள்ள விட்டே. அவன் கூரையைத் தொடல, பரம சாது. ஆனா கம்பளியை விட்டானா? இப்ப அவனையும் போகச் சொல்றாங்க. உன் வயித்துக்கு எவன்தான்டா சரிப்படுவான்?"

கூடம் முழுக்கச் சிரிப்பு. தாண்டிப்போன பிள்ளைகள் எல்லாம் திரும்பி வந்து சுற்றி நின்றார்கள். இரட்டைச் சடை போட்ட ஒரு பெண் கையைத் தூக்கினாள். "மூணாவது ஆள் வந்தாச்சா ஆன்ட்டி?"

அக்கா என்னைப் பார்த்தார். குண்டோதரனை விட்டுவிட்டு, நேராக என்னைப் பார்த்தே கேட்டார்: "சொல்லேன். வந்தாச்சா?"

"வந்தாச்சு," என்றேன். "எங்க வீட்டு மாடியில இருக்கிற ஃப்ரிட்ஜுல சமையல் கேஸோட பங்காளி ஒருத்தன் இருக்கான். ஓசோனைத் தொட மாட்டான், சூட்டையும் ரொம்ப ஏத்த மாட்டான். ஆனா கோபக்காரன், தீப்பொறி பட்டாப் பத்திக்குவான்."

"அப்ப அவன்கிட்டயும் கத்தியைக் காட்டக்கூடாது," என்றார் அக்கா. பின்வரிசையில் இவரும் அண்ணனும் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

ஒருவரி என் காதருகில் வந்தார். "மேடம், இவங்க வாரத்துல எத்தனை நாள் வருவாங்க?"

"கேட்டுப் பாருங்க சார். ஒரே வரியில பதில் சொல்ல மாட்டாங்க."

செப்டம்பர் 21, ஞாயிறு

அக்காவுக்குப் புது ஃப்ரிட்ஜ் வாங்கித் தருகிறோம் என்று இவரும் அண்ணனும் காசு சேர்த்துக்கொண்டு வந்து நின்றார்கள். அபராதமாம்.

"எனக்கு எதுக்கு?" என்றார் அக்கா. "மாடியில ஒன்னு இருக்குல்ல."

வாஷிங் மெஷினிடம்கூட ஒன்றும் சொல்ல முடியவில்லை.

செப்டம்பர் 28, ஞாயிறு

என் ஃப்ரிட்ஜ் என் ஃப்ரிட்ஜாக இல்லை. மேல் தட்டு முழுக்க அக்கா வீட்டுத் தயிர், கதவு முழுக்க அண்ணன்காரரின் மருந்து. நாள் பூராவும் படியில் ஏறி இறங்கி ஏதாவது எடுக்கிறார்கள், வைக்கிறார்கள். முட்டி வலி என்று சொன்ன ஆள்தான்.

இன்று ஐஸ்கிரீம் செய்தேன். நாலு வருடத்துக்குப் பிறகு. இரண்டு வீட்டுக்கும் ஆகிற மாதிரி. ஐஸ் அறையில் கொஞ்சம் ஐஸ் கட்டியிருந்தது. இவர் உதவிக்கு எழுந்தார். "உட்காருங்க!" என்று மாடியிலிருந்தும் கீழிருந்தும் ஒரே நேரத்தில் குரல் வந்தது. உட்கார்ந்துவிட்டார். வெந்நீர்க் கிண்ணம் வைத்து ஐஸை இளக்கி எடுத்து, டப்பாக்களை அடுக்கினேன்.

அக்கா மேலே வந்து எட்டிப் பார்த்தார். போகும்போது ஃப்ரிட்ஜைத் தட்டிக்கொடுத்து, என் காதில் விழும்படியாகச் சொல்லிவிட்டுப் போனார்: "தம்பி, நீ புதுசு, உனக்குத் தெரியாது. இவளுக்குக் கதவை ஒழுங்கா சாத்தத் தெரியாது. நீதான் பார்த்துக்கணும்."

இன்னும் விடவில்லை பாருங்கள்! மெக்கானிக்கே வந்து சாட்சி சொன்ன பிறகும்!

சிரித்துக்கொண்டே இதை எழுதிவிட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று எழுந்து போய்ப் பார்த்தேன்.

ஒரு விரல் அளவுக்குத் திறந்துதான் இருந்தது.

சத்தமில்லாமல் சாத்திவிட்டு வந்துவிட்டேன். இவர் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார், பார்க்கவில்லை.